மழைக்கு முன்னாடி கிச்சனா, கூரையா?

கேள்வி: செங்கோட்டையில எங்க வீட்டுக்காரரோட தாத்தா வீடு, திருவிதாங்கூர் காலத்து ஓட்டு வீடு. ரொம்ப வருஷம் பூட்டியே கெடந்துச்சு, பிப்ரவரியில லோன் போட்டு வேலைய ஆரம்பிச்சோம். அவருக்கு புனலூர்ல வேலை, சனிக்கிழமைதான் வருவாரு. ஆசைப்பட்டு மாடுலர் கிச்சனை முதல்ல போட்டோம், இப்ப சாரல்ல கூரை ஒழுகி பிளைவுட் ஊதிப்போச்சு, புதுசா சிமெண்ட் பூசின சுவரும் உதிருது. ஓட்டைப் பிரிச்சுட்டு கான்கிரீட் போடுவோம்ங்காரு, ஓடுதான் அழகு, நான் வேண்டாம்ங்கேன். கொத்தனார் நிக்கும்போதே வீடியோ கால்ல சண்டை. என்ன செய்ய?

பதில்: தங்கச்சி, கிச்சனை முதல்ல போட்டது தப்புதான், ஆனா நானும் இதே கூத்து பண்ணவதான், பெயிண்ட் அடிச்சு முடிச்சு கிரகப்பிரவேசத்துக்கு மறுவாரமே ஹால் நடுவுல குண்டா வச்சு தண்ணி பிடிச்சேன். ஊதின பிளைவுட் காய்ஞ்சாலும் பழையபடி ஆகாது, அதை விட்ருங்க.

மொதல்ல கூரை. வெயிலடிக்கிற நேரமா பாத்து மச்சுல ஏறி லைட்டை அணைச்சுட்டு அண்ணாந்து பாருங்க, எங்கெல்லாம் வெளிச்சம் ஊசி மாதிரி வருதோ அங்கெல்லாம் தண்ணியும் வரும், சாக்பீஸால குறி போட்டு வைங்க. ஆனா சொட்டுற இடத்துக்கு நேர் மேலதான் ஓட்டைன்னு நம்பிராதீங்க, தண்ணி ரீப்பர் (ஓடு உக்காருற குறுக்குச் சட்டம்) வழியா நாலஞ்சு அடி ஓடி வந்து வேற எடத்துல சொட்டும். முகட்டு ஓடு, ரெண்டு சரிவு சேருற இடம், இந்த ரெண்டுலதான் பாதி கோளாறு இருக்கும். கைமரத்தை (கூரையைத் தாங்குற சரிவு மரம்) ஸ்க்ரூ டிரைவரால குத்திப் பாருங்க, பொதபொதன்னு உள்ள போச்சுன்னா கரையான் அரிச்சிருக்கும், இல்ல உளுத்திருக்கும், அந்தக் கட்டைய ஆசாரிய வச்சு மாத்துங்க.

கான்கிரீட் விஷயத்துல நான் உங்க பக்கந்தான், ஆனா நீங்க சொல்ற காரணத்துக்காக இல்ல. ஓடு அழகுங்கிறதெல்லாம் அப்புறம், அந்தச் சுவரு ஓட்டைத் தாங்கக் கட்டின சுண்ணாம்புச் சுவரு, ஸ்லாப் வெயிட்டு எங்க, ஓட்டு வெயிட்டு எங்க? ஒரு இன்ஜினியர் வந்து சுவரையும் அஸ்திவாரத்தையும் பாக்காம உங்க வீட்டுக்காரர் கம்பிக்கு ஆர்டர் குடுத்துரக் கூடாது.

சுவரு உதிர்றதுக்கும் அது சுண்ணாம்புச் சுவருங்கிறதுதான் காரணம். சுண்ணாம்புச் சுவரு ஈரத்தைக் குடிச்சாலும் வெயில்ல வெளிய விட்டுரும், அது மேல சிமெண்டைப் பூசினா ஈரம் உள்ளயே நின்னு உப்பு பூத்து பொரிஞ்சு விழும். விரலால தட்டிப் பாருங்க, உள்ள காலியா சத்தம் கேட்டா அங்க பூச்சு விட்டுப்போச்சு, அதை எடுத்துட்டு திரும்பவும் சுண்ணாம்புலயே பூசச் சொல்லுங்க. இப்ப இல்ல. உங்க ஊருக்கு ஜூன்ல இருந்து ஆகஸ்ட் வரைக்கும் சாரல், அக்டோபர், நவம்பர்ல வடகிழக்குப் பருவமழை வேற. இப்ப மழை விட்ட நேரமா ஓடுகளை மட்டும் சரியா அடுக்கிட்டு, ஒழுகுற எடத்துக்குத் தார்ப்பாயைக் கட்டி விடுங்க. சுண்ணாம்பு காய வாரக்கணக்குல ஆகும், அந்த வேலைய பொங்கலுக்கு மேல வச்சுக்கங்க.

அந்தச் சண்டை... வீட்டுக்காரர் ஒண்ணு சொல்லி நீங்க ஒண்ணு சொன்னா கொத்தனார் எதைச் செய்வாரு? எதுல கூலி கூடவோ அதை. அதனால சனிக்கிழமை ராத்திரி ரெண்டு பேரும் பேசி அந்த வாரத்து வேலைய ஒரு நோட்டுல எழுதிக் கையெழுத்தே போடுங்க, திங்கக்கிழமைக்கு அப்புறம் வீடியோ கால்ல மாத்தக் கூடாது. அட்வான்ஸும் அதே நோட்டுல.

பழைய பத்திரம் மலையாளத்துல இருந்துச்சுன்னா (1956 நவம்பர் 1 வரைக்கும் உங்க ஊரு அந்தப் பக்கந்தானே) அடுத்து டாப்-அப் லோனுக்கு (இருக்கிற லோனுக்கு மேல வாங்குற கூடுதல் லோன்) போறதுக்கு முன்னாடி தமிழ்ல பெயர்த்து வைங்க, கடைசி நேரத்துல அலைய முடியாது.

இந்த ஞாயித்துக்கிழமை வெயில் அடிச்சா அவரையே மச்சுல ஏத்தி விடுங்க. நீங்க கீழ நின்னு சாக்பீஸை எடுத்துக் குடுங்க.