பதில்: அப்பாவுக்கு ஒர்டெரோனெல் வாங்கலாமா?

தம்பி, அப்பாவின்ர புரஸ்டேட் புற்றுநோய்க்கு வெள்ளவத்தையில ஒருத்தர் ஒர்டெரோனெல் பவுடர் எடுத்துத் தாறன் எண்டவர் எண்டு எழுதியிருக்கிறீங்கள். காசு குடுக்கேல்லை எண்டால் தயவுசெய்து குடுக்காதேங்கோ.

அந்த மருந்து எந்த நாட்டிலயும் பாமசிக்கு வரேல்லை. உடம்பு ஆண் ஹோர்மோனைச் செய்யத் தேவைப்படுற நொதியத்தை அது தடுக்கும், விதையில மட்டுமில்லை, அட்ரீனல் சுரப்பியிலயும். இந்தப் புற்றுநோய் வளர ஆண் ஹோர்மோன் உதவுறதால நல்ல யோசனைதான். டொசிடாக்செல் கீமோ எடுத்து முடிச்ச 1,099 பேரில பெரிய பரிசோதனை செய்தவை. ஸ்கானில நோய் முன்னேறாமல் இருந்த காலம் 5.7 மாதத்திலயிருந்து 8.3 மாதமாகக் கூடினது. ஆனால் உயிரோட இருந்த காலம் இந்த மருந்து எடுத்தவைக்கு 17.0 மாதம், எடுக்காதவைக்கு 15.2. அந்த வித்தியாசம் தற்செயலாகவும் வந்திருக்கலாம் எண்டுதான் கணக்குச் சொன்னது. சத்தி, களைப்பு வேற. அதை உருவாக்கின டகேடா கொம்பனி 2014 ஜூனில அதைக் கைவிட்டிட்டுது.

அதனால உங்களுக்கு வாற பவுடருக்குள்ள என்ன இருக்கெண்டு ஒருத்தராலயும் சொல்லேலாது. அப்பா ஏற்கனவே களைச்சுப் போயிருக்கிறார் எண்டும் எழுதினீங்கள். எனக்கு அதுதான் பயமாக் கிடக்கு.

அதே நொதியத்தைத் தடுக்கிற அபிராடெரோன் அமெரிக்காவில 2011இல அனுமதி பெற்றது, ஆயுளைக் கூட்டினதும் நிரூபணமானது. பிரெட்னிசோலோன் எண்ட ஸ்டீரொய்ட் மருந்தோட சேத்துக் குடுப்பினம். பிரஷரும் பொட்டாசியமும் ஈரல் சோதனையும் பாக்கவேணும். மகரகம புற்றுநோய் ஆஸ்பத்திரி கிளினிக்கில அந்தப் பெயரைச் சொல்லி டொக்டரிட்டக் கேளுங்கோ. பவுடர் கதையையும் அவரிட்ட மறைக்காதேங்கோ.

அப்பாவுக்குக் கீமோ குடுத்தவையா? கடைசியா எடுத்த பிஎஸ்ஏ (புரஸ்டேட்டுக்கான இரத்தச் சோதனை) எவ்வளவு? எழுதுங்கோ, கேக்கவேண்டிய கேள்விகளைச் சேர்ந்து எழுதுவம்.