ஆறாமீன் இல்லாத நாட்கள்

அன்புள்ள அக்கா,

நான் சேலம் அம்மாப்பேட்டை, கல்லூரியில் கடைசி வருடம். ஏற்காடு மாதிரி ஒரு மலைநாட்டை வைத்து ஃபேன்டசி நாவல் எழுதுகிறேன். அந்த நாட்டுக்குக் காவல் ஒரு விண்மீன் கூட்டம். வேல் பிடித்த வீரன் வடிவம், மொத்தம் ஏழு மீன்கள். கோட்டைக்கு நேர் மேலே வருடம் முழுக்க அசையாமல் நிற்கும். கடைசிப் போரில் அந்த வீரன் இறங்கி வந்து எதிரிகளை அழிப்பான். ஏழு மீன் போதுமா? 'வான்காவலன்' என்ற பெயர் பொருந்துகிறதா? நம்மிடம் வானத்தை வைத்துக் கதைகள் இல்லாததால் வெளிநாட்டு நாவல்களைப் பார்த்துத்தான் எழுத வேண்டியிருக்கிறது. மூன்று அத்தியாயங்களை இணைத்திருக்கிறேன்.

ஒரு வாசகன்

அன்புள்ள தம்பி,

மூன்றையும் ஒரே மூச்சில் படித்தேன். கோட்டை வாசலில் மிளகு காயப்போடும் கிழவி, படை வருகிறது என்று கேட்டும் எழுந்து ஓடாமல் முதலில் பாயைச் சுருட்டுகிறாளே, அந்த இடத்தில் நீங்கள் எழுத்தாளர். அதை யாரும் சொல்லிக்கொடுக்க முடியாது.

ஏழா எட்டா என்பதெல்லாம் பெரிய விஷயமில்லை. கார்த்திகை என்கிற விண்மீன் கூட்டத்தை நாம் ஆறாக எண்ணி ஆறாமீன் என்றோம், கூர்மையான கண்ணுக்கு ஏழு தெரியும், தொலைநோக்கியில் ஆயிரத்துக்கும் மேல். பெயரையும் பிறகு பார்க்கலாம்.

ஆனால் நம்மிடம் வானக்கதை இல்லை என்று எப்படித் தம்பி எழுத மனசு வந்தது? புறநானூறு 229ஐ எடுத்துப் படியுங்கள். பங்குனி மாதத்து நள்ளிரவில் ஒரு மீன் எரிந்து விழுவதைக் கூடலூர் கிழார் பார்க்கிறார். அரசனுக்கு ஏதோ ஆகப்போகிறது என்று நெஞ்சு நடுங்குகிறது. ஏழாம் நாள் சேரமான் யானைக்கட்சேய் மாந்தரஞ்சேரல் இரும்பொறை இறந்துபோகிறான். அந்த இரவில் எந்த மீன் உச்சியில் நின்றது, எது சாய்ந்தது என்பதுவரை பாட்டில் இருக்கிறது. படிக்காமல் விட்டது உங்கள் குறை. அதைக் கொண்டுபோய்த் தமிழின் தலையில் கட்டாதீர்கள்.

அந்தப் பாட்டில் வானம் யாரையும் காப்பாற்றவில்லை, கவனித்தீர்களா? நடக்கப்போவதைக் காட்டிவிட்டுச் சும்மா இருக்கிறது. விழித்திருந்தவர் புலவர்.

உங்கள் காவலன் அசையாமல் நிற்கிறான் என்கிறீர்களே, எனக்கு ஆறவில்லை. நம் ஊர் வானத்தில் அசையாமல் நிற்பதாகச் சொல்லத்தக்கது துருவமீன் ஒன்றுதான். அதுவும் சேலத்தில் சுமார் 12 பாகை உயரத்தில், கையை நீட்டி முஷ்டியை அடிவானத்தில் வைத்தால் அதற்குச் சற்று மேலே, மங்கலாகத் தெரியும். மலையடிவாரத்துக்குப் போய்விட்டால் சேர்வராயன் மலையே அதை மறைத்துவிடும். மற்றதெல்லாம் உதிக்கும், உச்சிக்கு வரும், சாயும். பலவும் வருடத்தில் சில வாரம் சூரியனோடு சேர்ந்து காணாமலும் போகும். கற்பனை உலகம்தானே என்பீர்கள். உங்கள் முதல் அத்தியாயத்தின் முதல் வரியிலேயே சூரியன் கிழக்கே உதிக்கிறது, மாசி மழைக்குக் காப்பி பூக்கிறது. சூரியன் உதிக்கும் உலகத்தில் மீன் மட்டும் எப்படி ஆணி அடித்த மாதிரி நிற்கும்?

எங்கள் அப்பாருக்கு ஏற்காட்டு அடிவாரத்தில் குச்சிக்கிழங்குக் காடு இருந்தது. மலையிலிருந்து பன்றி இறங்கும். நாலு கால் நட்டுப் பரண் போட்டு, தகர டின்னும் கட்டையும் வைத்துக்கொண்டு ராத்திரிக் காவல் இருப்பார். கார்த்திகை மாதத்தில் பள்ளி இல்லாத நாட்களில் நானும் ஏறிப் படுத்துக்கொள்வேன். நடுச்சாமத்தில் ஆறாமீன் உச்சிக்குக் கொஞ்சம் வடக்கே, மலைப்பக்கமாக நிற்கும். "அது பனை மேல சாஞ்சா என்னை எழுப்பு கண்ணு" என்று சொல்லிவிட்டுத் துண்டை விரித்துப் படுப்பார். அவருக்கு அதுதான் கடிகாரம். எனக்கு அதுதான் துணை. பன்றி உறுமினால் முதலில் மேலே பார்ப்பேன், பிறகுதான் டின்னைத் தட்டுவேன்.

முழுப்பரீட்சை லீவில் போனபோது வானத்தில் அது இல்லை. எங்கே என்று கேட்டேன். "வெயிலுக்குள்ள போயிருக்கு. ஆனியில வந்துரும். அதுவரைக்கும் நீ முழிச்சிரு" என்றார். நாம் அக்னி நட்சத்திரம் என்று சொல்கிறோமே, மே மாதத்து 25 நாள் கத்திரி, அந்த நட்சத்திரமே கார்த்திகைதான். சூரியன் அதன்மேல் வந்து நிற்கும் காலம் அது. இதெல்லாம் பல வருடம் கழித்துத்தான் எனக்கு விளங்கியது. அவருக்கு அன்றைக்கே தெரிந்திருந்தது.

அந்த ராத்திரி நான் தூங்கிப்போனேன். விடிந்து பார்த்தால் இரண்டு பாத்தி கிழங்கு குப்புறக் கிடந்தது. சிவந்த தோல் உரிந்து, உள்ளே வெள்ளையில் பல் பதிந்து, பால் காய்ந்து மண் ஒட்டியிருந்தது. அப்பாரு ஒரு வார்த்தை பேசவில்லை. குத்தவைத்து உட்கார்ந்து, பல் படாததைப் பொறுக்கிக் கூடையில் போட்டார். நானும் பக்கத்தில் உட்கார்ந்து பொறுக்கினேன். அழுதேன் என்று நினைக்கிறேன்.

உங்கள் நாட்டிலும் அந்த வீரன் காணாமல்போகும் நாட்கள் இருக்கட்டும் தம்பி. எதிரிக்கு அது தெரிந்திருக்கட்டும். அவனும் வானம் பார்க்கிறவன்தானே, அந்த வாரம் பார்த்துத்தான் வருவான். கோட்டைக்குள் யார் விழித்திருக்கிறார்கள், யார் தூங்கிவிட்டார்கள்? மிளகுக் கிழவி அங்கே என்ன செய்கிறாள்? இதையெல்லாம் விட்டுவிட்டு அவனை வேலோடு கீழே இறக்கினீர்கள் என்றால் கிழவிக்கு உங்கள் கதையில் வேலையே இல்லை. ஏற்காட்டு உச்சிக்குப் போயிருப்பீர்கள். சேர்வராயனும் காவேரியம்மனும் இருப்பது குகைக்குள். மலைக்கே காவலான சாமியை நாம் குனிந்து போய்த்தான் கும்பிடுகிறோம். மலைக்கார ஜனங்கள் திருவிழா எடுப்பதும் மே மாதத்தில், ஆறாமீன் வானத்தில் இல்லாத அந்த நாட்களை ஒட்டித்தான்.

பெயர் கேட்டிருந்தீர்கள். 'வான்காவலன்' வேண்டாம். அரண்மனையில் உட்கார்ந்து வைத்த பெயர் மாதிரி இருக்கிறது. அந்தக் கிழவி அதை என்னவென்று கூப்பிடுவாள் என்று யோசியுங்கள்.

ஜூன் கடைசியில் மேகம் இல்லாத ஒரு நாள் பார்த்து, விடிகாலை நாலரைக்குக் குப்பனூர் பக்கம் வண்டியை நிறுத்துங்கள். கிழக்கே கொஞ்சம் வடக்காக, ஒரு சின்னக் கொத்து தெரியும். பார்த்துவிட்டு வந்து மூன்றாம் அத்தியாயத்தைத் திருத்தி அனுப்புங்கள்.

அன்புடன்,
அக்கா