திருத்தந்தையின் (போப்பின்) தூதராகும் பேராயருக்கு என்ன வேலை?

அவருக்கு ஆள மறைமாவட்டம், அதாவது ஓர் ஆயரின் பொறுப்பிலுள்ள பகுதி, கிடையாது. பட்டம் மட்டும் ஏதாவதொரு பழைய ஊரின் பெயரில் இருக்கும். வேலை முழுக்க அனுப்பப்பட்ட நாட்டில்தான். பின்னாளில் திருத்தந்தை 23ஆம் யோவானான ஆஞ்செலோ ரொங்கால்லியை எடுத்துக்கொள்ளுங்கள். 1925இல் பல்கேரியா, பிறகு துருக்கி, கிரேக்கம். கத்தோலிக்கர் சொற்பமான இடங்கள்; ஒதுக்கிவைத்தார்கள் என்றே சொல்வேன்.

1944 டிசம்பரில் திடீரெனப் பாரிஸ். போர்க்காலத்தில் ஜெர்மனியோடு ஒத்துழைத்த பிரெஞ்சு அரசான விஷி அரசிடம் பணியாற்றிய முந்தைய தூதரை, புதிய அரசின் தலைவர் தெ கோல் ஏற்கவில்லை. புத்தாண்டன்று தூதர்கள் சார்பில் வாழ்த்துரை வாசிப்பது வத்திக்கான் தூதரின் உரிமை. ரொங்கால்லி தாமதித்திருந்தால் அங்கிருந்தவர்களில் மூத்தவரான சோவியத் தூதர் வாசித்திருப்பார். விஷிக்குத் துணைபோன ஆயர்கள் பலரை நீக்கச் சொன்னது புதிய அரசு. இவர் பொறுமையாகப் பேசிப் பேசியே அதை ஒரு சிலரோடு முடித்தார். உண்மையான தூதர் வேலை அதுதான். 1953இல் கர்தினாலானபோது சிவப்புத் தொப்பியை அணிவித்தவர் பிரான்சின் சோஷலிஸ்ட் அதிபர் வின்சென்ட் ஒரியோல்!