கண்காணிப்புக் கேமராப் பதிவு எப்படிக் கலையாகிறது?

திருட்டைப் பிடிப்பதற்காக மாட்டிய கேமராவின் பதிவுகளைத் தேடியெடுத்து, வெட்டி அடுக்கி, வேறொரு பொருள் தோன்றும்படி காட்டுவதே இக்கலை. ஜெர்மனியில் மிக்கேல் கிளியர் 1983-இலேயே இவ்வகைப் படமொன்றை உருவாக்கினார். சீனக் கலைஞர் சூ பிங், ஒளிப்பதிவாளரே இல்லாமல், இணையத்தில் கிடைத்த பதிவுகளைக் கொண்டு 'டிராகன்ஃபிளை ஐஸ்' என்ற 81 நிமிடப் படத்தை 2017-இல் வெளியிட்டார்.

விளிம்புநிலை மக்கள் இதில் மிகுதியாகத் தென்படக் காரணம் எளியது: வீடுள்ளவரின் இரவு சுவருக்குள் கழிகிறது, இல்லாதவரின் இரவு கேமராவின் முன் கழிகிறது. திருப்பூரில் பூட்டிக் கிடக்கும் பேக்கரி ஒன்றை நினைத்துக்கொள்ளுங்கள். பனியன் கம்பெனியில் நைட் ஷிப்ட் முடித்து வந்த ஒருவர் அட்டைப்பெட்டியைப் பிரித்துப் படியில் விரிக்கிறார். தொலைந்துவிடாமலிருக்கச் செருப்பைத் தலைக்கடியில் வைத்துப் படுக்கிறார். கடைக்காரருக்கு அது வேண்டாத காட்சி. சில நாட்களில் புதிய பதிவு ஏறி அழிந்துவிடும். கலைஞருக்கோ அந்தச் செருப்புதான் படமே.

ஈரோட்டுக் கல்யாண மண்டபத்தில் எடுத்த போட்டோவில், மணமக்களுக்குப் பின்னால் எச்சில் இலை எடுக்கும் அம்மாவும் விழுந்திருப்பார் அல்லவா? ஆல்பம் போடுபவர் வெட்டியெறியும் அந்த ஓரத்தைப் பெரிதாக்கிச் சட்டமிடுவது போன்றதுதான் இது. (இப்படிப் படத்தில் விழுந்தவரிடம் யாரும் அனுமதி கேட்பதில்லை என்பது இக்கலையின் தீராத நெருடல்.)

பதிவு உண்மையானது என்பதால் கதையும் உண்மை என்று பலர் எண்ணுகிறார்கள். சூ பிங்கின் படத்தில் காட்சிகள் நிஜம், காதல் கதையும் குரல்களும் பின்னர் சேர்த்த புனைவு.