தர்சேம் சிங்: கேட்டவையும் என் பதில்களும்

கேள்வி: தர்சேம் சிங் எனக்குப் புதுப் பெயர். எதிலிருந்து தொடங்கலாம் அண்ணா?

விளம்பரம், பாட்டு வீடியோ, சினிமா மூன்றும் எடுக்கும் இயக்குநர் அவர். அமெரிக்க ராக் குழுவான ஆர்.இ.எம்.முக்காக அவர் எடுத்த 'லூசிங் மை ரிலிஜன்' பாட்டு வீடியோவிலிருந்து (1991). ஜன்னலோரம் இருக்கும் ஜாடி விழுந்து உடைகிறது, பால் சிதறுகிறது, அதற்கப்புறம்தான் பாட்டு. இத்தாலிய ஓவியர் கரவாஜியோவின் ஓவிய வெளிச்சமும் எழுத்தாளர் மார்க்கெஸ் கதையின் சிறகு முளைத்த கிழவரும் உள்ளே வருவார்கள். அந்த வருடம் எம்டிவியின் சிறந்த வீடியோ விருதும், அடுத்த வருடம் கிராமியும் கிடைத்தன. ஜலந்தரில் பிறந்தவர், சினிமா படித்தது கலிஃபோர்னியாவில்.

கேள்வி: விளம்பரத்தை விட்டு ஏன் சினிமாவுக்கு வந்தார்?

விடவே இல்லையே! நைக்கிக்கு எடுத்த கால்பந்து விளம்பரம், பெப்சியின் கிளாடியேட்டர் விளம்பரம் எல்லாம் அவருடையவை. ஆனால் அவருக்கு விளம்பரம் என்பது பர்ஸ் மட்டுமல்ல, உலகம் சுற்றி இடம் பார்க்கும் வேலையும் கூட. 'தி ஃபால்' (2006) படத்தைப் பெரும்பாலும் சொந்தக் காசில், விளம்பரப் படப்பிடிப்புக்குப் போன ஊர்களில் எல்லாம் துண்டு துண்டாக எடுத்தார். நான்கு வருடம், 20க்கும் மேற்பட்ட நாடுகள். ராஜஸ்தானின் சாந்த் பாவ்ரி படிக்கிணறு, ஜோத்பூரின் நீல வீடுகள், அந்தமான் கடலில் நீந்தும் யானை... கிராஃபிக்ஸ் என்று நினைத்தால் ஏமாந்துபோவீர்கள்.

கேள்வி: காட்சி அழகு, கதை பூஜ்யம் என்கிறார்களே சார்?

'இம்மார்ட்டல்ஸ்' (2011) பற்றிச் சொன்னால் நான் சண்டைக்கு வர மாட்டேன். 'தி செல்' (2000) பாதி வரை ஒத்துக்கொள்வேன். 'தி ஃபால்' பற்றிச் சொன்னால் வருவேன்.

அதில் நடித்த ருமேனியச் சிறுமி கட்டின்கா உண்டாருவுக்கு அப்போது ஆறு வயதுதான். ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடக்கும் நாயகனாக நடித்த லீ பேஸ் நிஜமாகவே நடக்க முடியாதவர் என்று அவளை நம்ப வைத்திருந்தார்கள். கேமரா இருப்பது அவளை உறுத்தக் கூடாது என்று, கட்டிலைச் சுற்றிய திரைச்சீலையில் சின்ன ஓட்டை போட்டு அதன் வழியாகப் படம் பிடித்தார்கள். மாத்திரை எடுத்து வரச் சொல்லி நாயகன் கொடுக்கும் சீட்டில் 'மார்ஃபின்' (வலி மருந்து) என்று ஆங்கிலத்தில் எழுதியிருந்ததன் கடைசி எழுத்தான E-யை அவள் 3 என்று படித்துவிட்டாள். தர்சேம் அதைத் திருத்தவில்லை, கதையிலேயே சேர்த்துக்கொண்டார். படத்தில் அவள் மூன்றே மூன்று மாத்திரை கொண்டுவந்து நீட்டுவது அதனால்தான். ஒவ்வொரு ஷாட்டும் முன்கூட்டியே வரைந்து ஒப்புதல் வாங்கப்படும் விளம்பர உலகிலிருந்து வந்தவர், குழந்தையின் தவற்றுக்கு வழிவிட்டார் பாருங்கள். எனக்கு யானையை விட இதுதான் பெரிசு.

கேள்வி: படம் ஓடியதா?

எங்கே ஓடியது? டொராண்டோ திரைப்பட விழாவில் காட்டிய பிறகும் இரண்டு வருடம் வெளியீட்டுக்குக் காத்திருந்தது. கடைசியில் ஹாலிவுட் இயக்குநர்கள் டேவிட் ஃபின்ச்சரும் ஸ்பைக் ஜோன்ஸும் தங்கள் பெயரைக் கொடுத்து முன்னிறுத்தினார்கள். இருவருமே பாட்டு வீடியோவில் இருந்து வந்தவர்கள்!

கேள்வி: அவர் படங்களின் உடைகள் யாருடையவை?

ஜப்பானிய உடை வடிவமைப்பாளர் எய்கோ இஷியோகா. 'தி செல்' தொடங்கி 'மிரர் மிரர்' (2012) வரை நான்கு படங்களுக்கும் அவர்தான். அந்தப் படம் வருவதற்குள் இறந்துவிட்டார்.

கேள்வி: இந்தியாவில் படமே எடுக்கவில்லையா?

'டியர் ஜஸ்ஸி' (2023). பஞ்சாபி, உண்மைச் சம்பவம், டொராண்டோ விழாவின் 'பிளாட்ஃபார்ம்' போட்டிப் பிரிவில் பரிசு. வழக்கமான ஜிகினா எதுவும் கிடையாது.

கேள்வி: அப்போ பாட்டு வீடியோ அவ்வளவுதானா?

2020இல் லேடி காகாவின் '911' இருக்கிறதே. சோவியத் இயக்குநர் பரஜானோவின் 'மாதுளையின் நிறம்' படத்துக்கு வைத்த வணக்கம் அது. கடைசி ஒரு நிமிடத்தைப் பற்றி மட்டும் கேட்காதீர்கள், நீங்களே பாருங்கள்.