அப்ரோடைட்டி சீயுஸுக்கு மகளா, அத்தையா?

கிரேக்கப் புராணத்தின் காதல் தெய்வம் அப்ரோடைட்டி, ஒரு இடத்தில் தெய்வங்களின் அரசன் சீயுஸின் மகள் என்றும், இன்னொரு இடத்தில் அவனுக்கு முன்பே பிறந்தவள் என்றும் வருகிறதே, எது சரி என்று கேட்டிருக்கிறீர்கள். இரண்டுமே சரிதான். யார் சொன்ன கதை என்பதில்தான் வித்தியாசம்.

பழங்கிரேக்கக் கவிஞர் ஹோமரின் இலியட் காவியத்தில் அவள் சீயுஸுக்கும் டயோனிக்கும் பிறந்த மகள். டிராய் போரில் கிரேக்க வீரன் டயோமிடிஸ் ஈட்டியால் அவள் கையைக் கீறிவிட, அழுதுகொண்டே போய் அம்மா டயோனியின் மடியில் விழுகிறாள். அம்மா காயத்தைத் துடைத்துவிடுகிறாள். போர்க்களத்துக்கு நடுவே அப்படியொரு வீட்டுக் காட்சி!

இன்னொரு பழங்கிரேக்கக் கவிஞர் ஹீசியட் சொல்வது வேறு. குரோனஸ் தன் அப்பா யுரேனஸின் ஆணுறுப்பை அரிவாளால் அறுத்துக் கடலில் வீசுகிறான். அதைச் சுற்றித் திரண்ட நுரையிலிருந்து அவள் பிறந்து, சைப்ரஸில் கரையேறுகிறாள். கிரேக்கத்தில் 'அப்ரோஸ்' என்றால் நுரை.

இந்தக் கணக்கில் அவள் குரோனஸுக்குத் தங்கை. குரோனஸின் மகன் சீயுஸுக்கு அத்தை. ஆனால் சீயுஸின் அம்மா ரியாவும் யுரேனஸின் மகள்தான், குரோனஸின் உடன்பிறப்பு. அப்படிப் பார்த்தால் சித்தியும் ஆகிறாள். நம் உறவுமுறைச் சொற்களே இங்கே திணறிவிடும்.

பிளேட்டோவின் 'சிம்போசியம்' நூலில் பேசுபவர்களில் ஒருவரான பாசேனியஸ் இதற்கு ஒரு வழி சொல்கிறார்: அப்ரோடைட்டியே இரண்டு பேராம்!