பகலில் ஓவிய வகுப்பு, இரவில் கார்ட்டூன் கதை

கேள்வி: என் மகன் தனியார் பள்ளியில் ஓவிய ஆசிரியர். இரவில் டி.வி. கார்ட்டூன் தொடருக்கென்று கதை எழுதிக்கொண்டிருக்கிறான். ஆற்றில் ஒரு கால், சேற்றில் ஒரு கால். ‘ஸ்பாஞ்ச்பாப்’ தொடரை உருவாக்கியவர்கூட வாத்தியார் வேலையை உதறியதால்தானே ஜெயித்தார்? ஏதாவது ஒன்றை விடச் சொல்லி எழுதுங்கள்.
- ஒரு தந்தை, திருச்சி

பதில்: எழுத மாட்டேன். நீங்கள் காட்டும் உதாரணமே உங்களுக்கு எதிராக நிற்கிறது.

ஸ்பாஞ்ச்பாப்பை உருவாக்கிய ஸ்டீபன் ஹில்லன்பர்க் 1984-இல் கலிபோர்னியாவின் டேனா பாயின்ட் ஊரில் ஒரு கடல்சார் கல்வி மையத்தில் ஆசிரியராகச் சேர்ந்தார். அலை வடிந்த பிறகு பாறை இடுக்குகளில் தேங்கும் நீரில் என்னென்ன உயிர்கள் வாழ்கின்றன என்று பிள்ளைகளுக்கு விளக்குவது அவர் வேலை. அதற்காகவே ஒரு படக்கதைப் புத்தகம் வரைந்தார். அதில் பாடம் நடத்தும் பாத்திரத்தின் பெயர் பாப். அது ஒரு கடற்பஞ்சு, அதாவது ‘ஸ்பாஞ்ச்’ என்கிற கடல் உயிரி. பதிப்பாளர்கள் அதை ஏற்கவில்லை. ஆனால் பின்னாளில் அவர் ஒரு கார்ட்டூன் தொடரில் வேலை பார்த்தபோது, உடன் இருந்த எழுத்தாளர் ஒருவர் அந்தப் பழைய புத்தகத்தைப் பார்த்துவிட்டு, ‘இதையே தொடராக்கு’ என்று தூண்டினார். 1999-இல் ஸ்பாஞ்ச்பாப் வந்தது. அவர் வேலையை விட்டது உண்மை. விட்டதனால் வந்த கதையா அது? பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கப் போய்ப் பிறந்த கதை!

இன்னொருவரையும் சொல்ல வேண்டும். ஹில்லன்பர்க் அனிமேஷன் படித்தது கலிபோர்னியா கலைக் கல்லூரியான கால்ஆர்ட்ஸில். அங்கே அந்தப் பிரிவைத் தொடங்கி முப்பது ஆண்டுகளுக்கு மேல் நடத்தியவர் ஜூல்ஸ் எங்கல். டிஸ்னியின் ‘ஃபேன்டேசியா’ படத்தில் காளான்கள் ஆடும் காட்சியில் பங்காற்றிய கலைஞர். அவ்வளவு பெரிய ஸ்டூடியோக்களைப் பார்த்தவர், 1970 முதல் வகுப்பறையைத் தேர்ந்தெடுத்தார். ஹென்றி செலிக், எரிக் டார்னல் போன்ற அனிமேஷன் பட இயக்குநர்கள் என்று அவரிடம் படித்துப் போனவர்கள் பலர். ஹில்லன்பர்க் அவரைத் தன் ‘கலை அப்பா’ என்றே சொல்லியிருக்கிறார். வாத்தியார் வேலையைக் கீழாக நினைக்கிறவர்கள் எங்கலை ஒருமுறை யோசித்துப் பார்க்க வேண்டும்.

சரி, தொழிலுக்கு வருவோம். கார்ட்டூனுக்கு எழுதுவது என்றால் வசனம் எழுதிக் கொடுத்துவிட்டு நகர்வது என்று நினைத்திருக்கிறீர்கள் போலிருக்கிறது. ஸ்பாஞ்ச்பாப் போன்ற தொடர்களில் எழுத்தாளர்கள் தருவது கதைச்சுருக்கம்தான். சில பக்கங்கள்தான் இருக்கும். ஸ்டோரிபோர்டு, அதாவது கதையைக் காட்சி காட்சியாகப் படங்களில் வரைகிறவர்தான் ஒவ்வொரு ஷாட்டையும் வரைந்து, வசனத்தையும் எழுதுகிறார். அப்புறம் அந்தப் படங்களைச் சுவரில் ஒட்டி, குழுவின் முன் நின்று குரல் மாற்றி நடித்துக் காட்ட வேண்டும். எந்த இடத்தில் சிரிப்பு வரவில்லையோ, அந்த இடம் வெட்டப்படும். நாற்பது பிள்ளைகள் முன்னால் தினமும் நிற்கிற உங்கள் மகனுக்கு இந்தப் பயிற்சி சம்பளத்தோடு கிடைக்கிறது. பிள்ளைகள் எப்போது கொட்டாவி விடுகிறார்கள் என்பது அவருக்குத் தெரியும். அதைத் தெரிந்துகொள்ளாமலே குழந்தைகளுக்கு எழுதுகிறவர்கள் எத்தனை பேர்!

இன்னொன்று, இந்தத் துறையில் ஒரு தொடர் முடிந்தால் அடுத்தது அமையும்வரை கையில் வேலை இருக்காது. மாதச் சம்பளம் உள்ள ஒருவர்தான் பயமில்லாமல் நல்ல கதைக்காகக் காத்திருக்க முடியும். தந்தையாக உங்களுக்கு இது நிம்மதி தர வேண்டிய விஷயம்.

மகனிடம் ஒன்று கேளுங்கள்: கதையை எழுத்தாக மட்டும் வைத்திருக்கிறாரா, ஸ்டோரிபோர்டாக வரைந்திருக்கிறாரா? வரையவில்லை என்றால் இந்தக் கோடை விடுமுறையிலேயே ஒரு பதினோரு நிமிட எபிசோடை முழுதாக வரையட்டும். பள்ளி திறந்ததும் ஆறாம் வகுப்புப் பிள்ளைகளிடம் நடித்துக் காட்டட்டும். அவருடைய முதல் எடிட்டர்கள் அவர்கள்தான். நீங்களும் ஒருநாள் கடைசி பெஞ்சில் போய் உட்காருங்கள்.